மைக்கில் விழுந்த அடி

பதினோராவது வாரம்

சின்னையா தாத்தாவை அவருடைய பேரப்பிள்ளைகள் யாரும் பார்த்ததில்லை. மூத்த பேரன் பிறப்பதற்கு முன்பே அவர் போய்விட்டார். ரயில்வே பட்டறையில் வேலை பார்த்தார், அதற்கு முன்னால் சென்னைக்குப் போய் ஏதோ சில படங்களில் தலைகாட்டினார். அவரைப் பற்றி வீட்டில் இருந்த பேச்சு அவ்வளவுதான்.

இதுவரை நடந்ததெல்லாம் மலேசியாவில், சுங்கை வேயில் அவர் மகள் குமுதா அத்தையின் அலமாரியில் அகப்பட்ட ஒரு புகைப்படத்தால் வந்தது. ஸ்டூடியோ விளக்குகளுக்குக் கீழே ஒல்லியான ஓர் ஆள். பின்பக்கத்தில் பென்சில் எழுத்து: 'அடி வாங்கும் சின்னையா, 1936.' அதை வைத்துக்கொண்டு ரமணி இரண்டு வருடம் வெளிநாட்டுக் காப்பகங்களுக்கெல்லாம் மெயில் எழுதினாள். கடைசியில் ஓரிடத்தில், வேறு ஒரு படத்தின் டப்பாவுக்குள், பதினொரு நிமிடச் சிரிப்புப் படம் ஒன்று சுருண்டு கிடந்தது. படங்கள் பேசத் தொடங்கிய புதிதில், பெரிய படத்துக்கு முன்னால் ஓட்டுவதற்காக எடுத்தது. பெயர் 'எச்சில் இலை ஏகாம்பரம்.'

செய்தி கேட்டதுமே ரமணியின் அண்ணன் ராஜன் விழா ஏற்பாட்டில் இறங்கிவிட்டார். பிரிக்பீல்ட்ஸில் ஒரு மண்டபம், முன்னூறு பேர், டத்தோ பட்டம் பெற்ற ஒரு பிரமுகர், பொன்னாடை. வியாழக்கிழமை காப்பகத்திலிருந்து படம் இணையம் வழியே இருவருக்கும் வந்து சேர்ந்தபோது தங்கைக்குப் போன் போட்டுச் சொன்னார்: "நீ சின்னத் திரையில பாத்துக் கெடுத்துக்காத. ஞாயித்துக்கெழம பெரிய திரையில பாரு. அதுதான் மரியாத."

ரமணியும் சரி என்றாள். ஆனால் ஞாயிற்றுக்கிழமை விடியும்போது மனம் பொறுக்கவில்லை.

கிள்ளான் வீட்டில் சமையலறை மேசையில் லேப்டாப்பைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். ஆறரை மணி. பக்கத்தில் கலக்கி வைத்த தேநீர். தாத்தாவின் குரலைக் கேட்கப் போகிறோம் என்ற நினைப்பில் ஒலியை முழுதாகக் கூட்டி வைத்தாள்.

படத்தில் ஒரு கல்யாண வீடு. பந்தி நடக்கிறது. இலைக்கட்டைச் சுமந்து வந்த கூலியாள், அக்கம்பக்கம் பார்த்துவிட்டு பந்தியின் கடைசியில் நைசாக உட்காருகிறான். அதுதான் தாத்தா. உட்கார்ந்த வேகத்தில் இலையின் ஓரம் வேட்டியில் செருகிக்கொள்கிறது. எழுந்தால் இலையும் எழுகிறது. உட்கார்ந்தால் இலையும் உட்காருகிறது. சோறு போட வருகிறவன் கரண்டியோடு இலையைத் துரத்துகிறான்.

ரமணி சிரித்துவிட்டாள். வாய்விட்டு, தோள் குலுங்கச் சிரித்தாள்.

அப்புறம் ஏகாம்பரம் வந்தான். படத்தின் நாயகன். நடித்தவர் பெயர் வாசு என்று முதல் அட்டையில் பெரிதாகப் போட்டிருந்தது. தொப்பையும் சந்தனமுமாக வந்தவர் தாத்தாவின் குடுமியைப் பிடித்துத் தரதரவென்று இழுத்துப்போய், எச்சில் இலைகள் கொட்டும் இடத்தில் தள்ளினார். அங்கே ஒரு நாய். ஆளுக்கும் நாய்க்கும் நடுவில் ஒரே ஒரு இலையைப் போட்டு, "எவன் மொதல்ல நக்குறான்னு பாக்கலாம்" என்றார்.

தாத்தா நாலு காலில் நின்று நக்கினார். நாய் உறுமியது. தாத்தாவும் உறுமினார். அவர் உதட்டில் ஈ உட்கார்ந்திருந்தது. அது நடிப்பு இல்லை. இலையில் இருந்ததும் யாரோ தின்று மிச்சம் வைத்த சோறுதான்.

ரமணியின் சிரிப்பு நின்றுபோயிருந்தது.

பிறகு அறைகள். சளார், சளார் என்று லேப்டாப்பின் சின்ன ஸ்பீக்கர் அதிர்ந்தது. ஏழு. எட்டாவதுக்குக் கையில்லை, பித்தளைக் கரண்டி. அது நேரே வாயில் விழுந்தது.

ரமணி படத்தை நிறுத்தினாள். பின்னால் நகர்த்தி மறுபடி ஓட்டினாள்.

முப்பது வருடமாகப் பல் கிளினிக்கில் நர்ஸ். சீழ், ரத்தம், அழுகல், வெற்றிலைக் கறை, எதையும் முகம் சுளிக்காமல் பார்த்தவள். அடிபட்ட வாய் எப்படி இருக்கும் என்று அவளுக்கு யாரும் சொல்லித் தரத் தேவையில்லை. வெள்ளையாக ஏதோ தெறித்து இலையில் விழுந்தது. மேல் உதடு கண்ணெதிரே வீங்கியது. மோவாய் வழியாகக் கறுப்பாக வழிந்தது ரத்தம்தான்.

வாசு ஒரு நொடி கேமராவுக்குப் பக்கவாட்டில் பார்த்தார். நிறுத்தாதே என்று அங்கிருந்த யாரோ கைகாட்டியிருக்க வேண்டும். திரும்பி, "சிரிடா" என்றார்.

தாத்தா சிரித்தார். படம் அதோடு முடிந்தது.

"யாரு, உங்க தாத்தாவா?" ராத்திரி ஷிஃப்ட் முடிந்து துறைமுகத்திலிருந்து அப்போதுதான் வந்த அவள் கணவன் விமலன் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தான். "நல்லா கோமாளி பண்ணியிருக்காரு. அந்த நாய் கூட சண்ட போட்டாரு பாரு." அவனும் சிரித்தான்.

அவள் தேநீரை அப்படியே சிங்க்கில் ஊற்றினாள்.

"பசியாறலயா?"

"வேணாம்."

காப்பகத்தில் இருந்தவர்கள் படத்தோடு ஒரு குறிப்பும் அனுப்பியிருந்தார்கள். அதை அவள் இப்போதுதான் படித்தாள். அந்தக் காலத்தில் ஒலியைத் தனியாகச் சேர்க்கும் வசதி பெரும்பாலும் இல்லை. நடிக்கும்போதே மைக்கில் என்ன விழுகிறதோ அதுதான் படத்தில் கேட்கும். அறை விழும் சத்தம் வேண்டுமென்றால் நிஜமாகவே அறைய வேண்டியிருந்தது. அப்படி அறை வாங்குவதற்கென்றே ஸ்டூடியோக்களில் ஆட்கள் இருந்தார்கள். பெயர்ப் பட்டியலில் அவர்கள் வருவதில்லை.

பதினொரு நிமிடத்தில் தாத்தா ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. இரண்டு வருடம் காத்திருந்து அவள் கேட்டது அவர் கன்னத்தின் சத்தம்.

அதைவிட அருவருப்பாக இருந்தது வேறொன்று. அவளும் சிரித்தாளே. அந்தச் சிரிப்பு இன்னும் தொண்டையில் ஒட்டிக்கொண்டிருப்பது போல இருந்தது. இரண்டு தடவை வாய் கொப்பளித்தாள்.

* * *

எட்டேகால் ரயிலில் ஏறி உட்கார்ந்தபோது குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ராஜன் ஒரு வீடியோ போட்டிருந்தார். கீழே, 'விழாவுக்கு முன் ஒரு சின்ன விருந்து.'

ரமணி அழுத்தினாள்.

தாத்தாவின் முகம். கறுப்பு வெள்ளையாக இருந்த முகத்துக்கு வண்ணம் பூசியிருந்தார்கள். கடைசியில் சிரித்தாரே, அதே சிரிப்பு. ஆனால் உதடு வீங்கவில்லை, ரத்தம் இல்லை. உடைந்த இடத்தில் வரிசையாக, பளீரென்று புதுப் பற்கள். அந்த வாய் அசைந்தது. வானொலி நாடகத்தில் ராஜா வேஷம் கட்டுகிறவரைப் போல கனத்த குரல் ஒன்று வந்தது.

"நான்தான் சிரிப்பு மன்னன் சின்னையா. என் சிரிப்பின் ரகசியம் என்ன தெரியுமா? பந்தி ராஜா மசாலா."

கம்ப்யூட்டர் செய்த குரல். கம்ப்யூட்டர் வைத்த பல்.

பக்கத்து சீட்டில் இருந்த பெண்மணி எட்டிப் பார்த்தார். "அழகா இருக்கே. யாரு இவரு?"

"என் தாத்தா."

"அப்படியா? லக்கி லா நீங்க."

ரமணி போனைக் கவிழ்த்து மடியில் வைத்தாள். ஷா ஆலம் தாண்டும் வரை கண்ணை மூடிக்கொண்டே இருந்தாள். கண்ணை மூடினால் அந்தப் பற்கள் தெரிந்தன. திறந்தால் பெண்மணி பேச்சுக் கொடுத்தார்.

கே.எல். சென்ட்ரலில் இறங்கி மண்டபத்துக்கு நடந்தாள். வாசலில் பத்தடி உயர அட்டையில் தாத்தா நின்றார், அதே பற்களோடு. கையில் மசாலா பாக்கெட். பக்கத்தில் இரண்டு இளம்பெண்கள் வருகிறவர்களுக்கெல்லாம் தட்டில் வடை நீட்டிக்கொண்டிருந்தார்கள். 'பந்தி ராஜா சாம்பார் வடை, ஒண்ணு எடுங்க அக்கா.' பெரியவர் ஒருவர் அட்டைத் தாத்தாவின் தோளில் கைபோட்டு படம் எடுத்துக்கொண்டிருந்தார்.

ராஜன் மேடைக்குப் பக்கத்தில் பட்டு ஜிப்பாவில் நின்றிருந்தார். ஐம்பத்தெட்டு வயது. விழாவை நடத்தும் கலைமன்றத்தின் செயலாளர் பதவி நாலு வருடமாக அவரிடம்தான். தங்கையைப் பார்த்ததும் முகமெல்லாம் மலர்ந்தது.

"வந்துட்டியா. முன்வரிசையில இடம் போட்டு வச்சிருக்கேன்."

"நான் படத்த பாத்துட்டேன் அண்ணே."

மலர்ந்த முகம் கொஞ்சம் சுருங்கியது. அவள் கையைப் பிடித்துத் திரைக்குப் பின்னால் கூட்டிப்போனார்.

"பாக்காதன்னு சொன்னேன்ல."

"அப்ப நீங்க பாத்துட்டுத்தான் சொல்லியிருக்கீங்க."

"பாத்தேன். வியாழக்கிழம ராத்திரி எனக்குத் தூக்கமில்ல." அவர் குரலைத் தாழ்த்தினார். "நல்லா யோசிச்சுப் பாரு. அந்தப் படத்த அப்படியே போட்டா இங்க முன்னூறு பேரு உக்காந்து என்ன செய்வாங்க? சிரிப்பாங்க. தாத்தா எச்சி இலைய நக்குறத பாத்துச் சிரிப்பாங்க, அவரு அடி வாங்குறத பாத்துச் சிரிப்பாங்க. அது உனக்குப் பரவாயில்லயா? நான் அடிய வெட்டிட்டேன். நாய வெட்டிட்டேன். அந்த இலை தமாஷ் மட்டும் வச்சிருக்கேன். தப்பா?"

சமையலறை மேசையில் தான் சிரித்தது ரமணியின் காதில் கேட்டது.

"வெட்டினதோட விட்டீங்களா?" என்றாள் கடைசியில். "ஒடஞ்ச வாயில பல்லு வச்சு மசாலா விக்க விட்டிருக்கீங்களே அண்ணே. அந்தச் சிரிப்பு எப்ப சிரிச்சதுன்னு தெரியும்தானே உங்களுக்கு?"

"டத்தோ கமலநாதன் இல்லன்னா இந்த மண்டபம் இல்ல. அவரு மசாலா பேரையும் சொல்லணும்லா." ராஜன் ஜிப்பா கையை மடக்கினார். "நான் பள்ளிக்கூடத்துல படிக்கிறப்ப, உங்க தாத்தா என்ன செஞ்சாருன்னு வாத்தியாரு ஒவ்வொருத்தரயா எழுப்பிக் கேட்டாரு. ஒருத்தன் டாக்டருங்கிறான், ஒருத்தன் ஸ்டேஷன் மாஸ்டருங்கிறான். நான் அப்பாவ போய்க் கேட்டேன். 'ஒண்ணும் செய்யல, போய்ப் படி'ன்னாரு. நாப்பத்தஞ்சு வருஷம் கழிச்சு இன்னைக்குத்தான் சொல்லிக்க எனக்கு ஒரு தாத்தா கெடைச்சிருக்காரு. அவரயும் நாய்கூட நிக்க வச்சுக் காட்டணுமா நான்?"

அண்ணன் கண்ணில் நீர் நின்றது. அது வேஷமில்லை என்று அவளுக்குத் தெரிந்தது. தெரிந்தும் அவர் பக்கத்தில் நிற்கப் பிடிக்கவில்லை. அவர் ஜிப்பாவில் பூசியிருந்த அத்தர் வாசனை மூக்கில் ஏறி ஒரு மாதிரி செய்தது.

"அத்தைக்குத் தெரியுமா?"

"எதுக்கு? எழுபத்தொம்பது வயசு. அப்பா மொகத்த பாத்து சந்தோஷப்பட்டா போதும். படம் முடிஞ்சதும் மேடையில ஒரு கையெழுத்து. தாத்தாவோட மொகத்தையும் பேரையும் பாக்கெட்டுல போட்டுக்க சம்மதம்னு. அவங்கதான் தாத்தாவோட புள்ளைங்கள்ள மிச்சம். நீ ஒண்ணும் பேசாத ரமணி. இன்னைக்கு ஒரு நாளு."

* * *

குமுதா அத்தையை மேடைக்குப் பக்கத்து அறையில் உட்கார வைத்திருந்தார்கள். அரக்கு நிறச் சேலை, மடியில் கைத்தடி. வடைத் தட்டு தொடாமல் அப்படியே இருந்தது.

"வா ரமணி. இந்த வடையில என்னத்த போட்டு வச்சிருக்கானுங்க? மருந்து நாத்தம் அடிக்குது."

ரமணி கதவைச் சாத்தினாள். நாற்காலியை இழுத்துப் போட்டு அத்தையின் முழங்காலோடு முழங்கால் இடிக்க உட்கார்ந்தாள். வெளியே மைக்கை யாரோ தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அத்தை, தாத்தா படம் என் போன்ல இருக்கு. நெசமான படம். வெளிய காட்டப் போறது வேற."

"வேறன்னா?"

"பாத்தா தெரியும். ஆனா பாக்குறதுக்குக் கஷ்டமா இருக்கும். வேணாம்னா வேணாம்."

அத்தை கையை நீட்டினார். போனை வாங்கி, கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, கண்ணுக்கு அருகில் பிடித்தார்.

பதினொரு நிமிடம். ரமணி அத்தையின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். இலை வேட்டியோடு எழுந்தபோது அத்தையின் உதட்டோரம் லேசாக இழுபட்டது. நாய் வந்ததும் அது நின்றது. அறைகள் விழுந்தபோது இமைகூட அசையவில்லை. கரண்டி விழுந்தபோது மட்டும், இடது கை தானாக எழுந்து தன் வாயைத் தொட்டுவிட்டு மடிக்குத் திரும்பியது.

படம் முடிந்தது. அத்தை போனைத் திருப்பித் தரவில்லை.

"பட்டறையில இரும்பு தெறிச்சு பல்லு போச்சுன்னு சொன்னாரு" என்றார். "சாகுற வரைக்கும் அதத்தான் சொன்னாரு."

அத்தை அவளை நிமிர்ந்து பார்த்தார்.

"நீ எப்ப பாத்த?"

"காலையில."

"சிரிச்சியா?"

பொய் சொல்லலாம் போல இருந்தது. "மொதல்ல சிரிச்சேன் அத்தை. அந்த எலை கூடவே வருதே, அப்ப. அதுக்கப்புறம் என்மேலயே எனக்கு அருவருப்பா போச்சு."

"சிரிக்கட்டும்னுதானே அத செஞ்சிருக்காரு. அந்த எலைக்குச் சிரிச்சா தப்பில்ல. அது அவரு வித்தை." அத்தை திரையில் நின்றுபோயிருந்த முகத்தைக் கட்டைவிரலால் தடவினார். "மத்தது அந்த அடிச்சவன் வித்தை."

அப்புறம் கேட்டார்: "என்கிட்ட எதுக்கு கையெழுத்து கேக்குறான் உங்கண்ணன்? கோயில் சம்பந்தமான கடுதாசின்னான்."

கோயில் என்றா சொன்னார்? ரமணிக்குக் காதெல்லாம் சூடேறியது. உள்ளதை உள்ளபடி சொன்னாள். மசாலா, பாக்கெட், பல், குரல்.

கதவைத் தட்டிவிட்டு ராஜன் தலையை நீட்டினார். அத்தையின் கையில் இருந்த போனைப் பார்த்தார். தங்கையைப் பார்த்த பார்வையில் நெருப்பு இருந்தது.

"அத்தை, டத்தோ வந்துட்டாரு. போலாமா?"

"வரேன் போ" என்றார் அத்தை.

* * *

மண்டபத்தில் விளக்குகள் அணைந்தன.

பதினொரு நிமிடப் படம் நாலு நிமிடமாகியிருந்தது. இலை எழுந்தது, உட்கார்ந்தது. கூட்டம் சிரித்தது. கூட்டம் சிரிக்காத இடங்களிலும் சிரிப்புச் சத்தம் கேட்டது. அதையும் கம்ப்யூட்டரில் சேர்த்திருந்தார்கள். ரமணி நகத்தால் உள்ளங்கையைக் கீறிக்கொண்டிருந்தாள்.

கடைசியில் வண்ண முகம் வந்தது. பற்கள் வந்தன. 'நான்தான் சிரிப்பு மன்னன் சின்னையா' என்று கனத்த குரல் மண்டபத்தை நிறைத்தது. மசாலா பெயர் வந்ததும் ஒரே கைதட்டல்.

டத்தோ கமலநாதன் நல்ல உயரம், பணிவான மனிதர். குமுதா அத்தைக்குப் பொன்னாடை போர்த்தி, குனிந்து காலைத் தொட்டார். மேசையில் கடுதாசியை விரித்து வைத்திருந்தார்கள். புகைப்படக்காரர்கள் முன்னால் வந்தார்கள். ராஜன் பேனாவின் மூடியைத் திறந்து அத்தையின் விரலிடுக்கில் வைத்தார்.

அத்தை பேனாவை வைத்துக்கொண்டு மற்றக் கையால் மைக்கைச் சுட்டினார். அறிவிப்பாளர் அதைக் கொண்டுவந்து வாயருகில் பிடித்தார்.

"இப்ப பேசினது யாரு?"

டத்தோ சிரித்தார். "உங்கப்பாதாம்மா."

"எங்கப்பாவுக்குத் திக்குவாய்."

மண்டபத்தில் சலசலப்பு அடங்கியது. ராஜன் "அத்தை" என்று மெல்லத் தோளைத் தொட்டார். அத்தை திரும்பவில்லை.

"ஒரு வார்த்த சொல்லி முடிக்க அவருக்கு மூச்சு முட்டும். ஊமப் படம் இருந்தப்ப நல்ல வேஷம் குடுத்தாங்களாம். கத்திச் சண்டை, குதிரை. அப்புறம் படம் பேச ஆரம்பிச்சுது. இவரு வாய் பேசல. உனக்கு இனிமே அடி வாங்குற வேஷம்தான்னுட்டாங்க. அதுக்குப் பேச வேணாமே. கன்னம் இருந்தா போதும்."

யாரோ இருமினார்கள்.

"அந்த அடியெல்லாம் படத்துல இருக்கு. நான் இப்பத்தான் பாத்தேன். உங்களுக்கு வெட்டிட்டுப் போட்டிருக்காங்க." அத்தை ஒரு நிமிடம் மூச்சு வாங்கினார். "எங்கண்ணன், இந்த ராஜனோட அப்பா, திக்குவாய்னு வெளிய சொல்லவே மாட்டான். வெக்கம் அவனுக்கு. புள்ளைங்ககிட்டகூட சொல்லல. எனக்கு வெக்கம் இல்ல. எங்கம்மா எனக்கு வச்ச பேரு குமுதா. அந்த மொத எழுத்து எங்கப்பாவுக்கு வராது. வாசல்ல நின்னு கூப்புடுவாரு. கு, கு, குன்னு நிக்கும். பேரு முழுசா வெளிய வர்ற வரைக்கும் நான் வெளையாட்ட நிறுத்திட்டு அப்படியே நிப்பேன். பாதியில ஓடி வந்தா அவருக்குப் புடிக்காது. முழுசா கூப்புட்டுட்டுத்தான் விடுவாரு."

அவர் டத்தோவை நிமிர்ந்து பார்த்தார்.

"அந்தக் குரல எடுத்துட்டு இத வச்சிருக்கீங்க. இது யாரு வீட்டு ஆளோ. இவருக்கு நான் கையெழுத்துப் போட முடியாது தம்பி."

பேனாவை மூடினார். மூடி சரியாகப் பொருந்தியதா என்று ஒரு தடவை அழுத்திப் பார்த்துவிட்டு, மேசைமேல் வைத்தார். பொன்னாடையையும் மடித்து அதன் பக்கத்தில் வைத்தார்.

கைதட்டல் எதுவும் எழவில்லை. ரமணி மேடையேறி அத்தையின் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். படியிறங்கும்போது முன்வரிசையில் ஒரு பெண் எழுந்து வழிவிட்டாள். பிறகு அவள் பக்கத்தில் இருந்தவரும் எழுந்தார். அப்படியே வரிசை வரிசையாக நாற்காலிகள் கிறீச்சிட்டன.

* * *

மண்டபத்துக்குப் பின்னால் கார்கள் நிறுத்தும் இடத்தில் வெயில் காய்ந்தது. விருந்தின் மிச்சத்தை அங்கேதான் கறுப்புப் பைகளில் குவித்திருந்தார்கள். அதன் புளிச்ச வாடைக்கு நடுவில், நிழல் பார்த்து அத்தையை ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்துவிட்டு, ரமணி கிராப் வாடகை வண்டிக்குப் பதிவு செய்துகொண்டிருந்தாள். அத்தை இன்றைக்குக் கிள்ளானுக்கு அவளோடு வருவதாகச் சொல்லிவிட்டார்.

ராஜன் வந்தார். ஜிப்பா முதுகில் ஒட்டியிருந்தது.

"டத்தோ போய்ட்டாரு. ஒரு வார்த்த பேசல."

"பேசாம போனாருல்ல. விடுங்க" என்றாள் ரமணி.

"நீ என்ன முன்னூறு பேருக்கு முன்னால..." என்று ஆரம்பித்தவர் முடிக்கவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். திட்டுவதற்குத்தான் வந்தார் என்று ரமணி நினைத்தாள். ஆனால் அவர் உதடு வேறு எதற்கோ தயாராகிக்கொண்டிருந்தது.

"அத்தை போடாட்டியும் ஒண்ணும் ஆவாது ரமணி. மேடையில போடுறது போட்டோவுக்குத்தான்."

"என்ன சொல்றீங்க?"

"பாக்கெட்டு அச்சடிச்சாச்சு. தாத்தா மொகத்தோட. நேத்தே செலாயாங் மொத்த வியாபார பாசார்ல இறக்கிட்டாங்க. நாளைக்குக் காலையில லோரில ஏத்தி கடைகளுக்கு அனுப்புறாங்க. ஈப்போ வரைக்கும்."

"சம்மதம் இல்லாம எப்படி அச்சடிச்சாங்க?"

ராஜன் கழுத்து வேர்வையைத் துடைத்தார். "அவரு மேல தப்பு இல்ல. டத்தோ கடுதாசி கேட்டாரு. நான் குடுத்தேன்."

"யாரு கையெழுத்து?"

"அத்தை கையெழுத்து." அவர் குரல் தேய்ந்துபோனது. "நான் போட்டேன். வெள்ளிக்கிழம. இன்னைக்கு எப்படியும் அவங்க போடத்தானே போறாங்கன்னு நெனச்சேன்."

ரமணி அவருடைய வலது கையைப் பார்த்தாள். சின்ன வயதில் கிள்ளான் பாலத்தைக் கடக்கும்போது அவளைப் பிடித்துக் கூட்டிப்போன கை. அந்தக் கையில் மோதிரம், கடிகாரம், கொஞ்சம் சந்தனம். சிங்க்கில் காலையில் கொட்டிய தேநீர்கூட அவ்வளவு வெறுப்பாக இருந்ததில்லை. அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"போலீசுக்குப் போனா என் கதை முடிஞ்சுது" என்றார் ராஜன். "அத்தை, நீங்க அப்படிச் செய்ய மாட்டீங்கதானே?"

அத்தை நாற்காலியில் அசையாமல் இருந்தார். கேட்டாரா, வெயிலில் கண் அயர்ந்துவிட்டாரா என்று தெரியவில்லை. கிராப் வண்டி வாசலில் திரும்பியது. ரமணி கையைத் தூக்கிக் காட்டினாள்.

"செலாயாங் பாசார எத்தன மணிக்குத் தொறப்பாங்க?"

கேட்டது அத்தைதான்.

"விடியறதுக்கு ரொம்ப முன்னாலயே அத்தை" என்றாள் ரமணி. "நாலு மணிக்கெல்லாம் லோரி ஏத்த ஆரம்பிச்சிருவாங்க."

அத்தை கைத்தடியை ஊன்றி எழுந்தார். அண்ணன் மகன் தாங்கிப் பிடிக்க நீட்டிய கையைக் கவனிக்காதவர் போலத் தாண்டி, வண்டிக் கதவைத் தானே திறந்தார்.

"அப்ப ரெண்டரைக்கு என்ன எழுப்பிரு."